எட்டும் தூரம்

“உங்கண்ணன் உன்னைக் கேலி பண்றாரு சிட்டு. அதுவும் ஊரைக் கூட்டி வச்சுக்கிட்டு!”

அண்ணி உள்ளே வந்ததும் வராததுமாகப் பற்ற வைத்தாள்.

சிட்டு டிவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. வீடியோ கேமில் அவளுடைய ஆட்டக்காரி அப்போதுதான் பந்தோடு எம்பியிருந்தாள். அந்த ஒரு நொடிக்காகத்தான் இந்தப் பெண் நாளெல்லாம் கேமே கதி என்று கிடக்கிறாள். ஆளும் பந்தும் காற்றில் மிதக்கும்போது சக்கர நாற்காலி, வழுக்கிவிட்ட மாடிப்படி, ஆஸ்பத்திரி எல்லாம் கரைந்துபோகும். அவளே மிதப்பாள்.

பட்டனிலிருந்து விரலை எடுத்தாள். பந்து வலைக்குள் இறங்கியது. ஆட்டக்காரியும் தரைக்கு வந்துவிட்டாள். கனவு அவ்வளவுதான்.

“என்ன சொன்னீங்க?”

“வேலை முடிஞ்சதும் நேரா பாஸ்கெட்பால் கோர்ட்டுக்குப் போறாரு உங்கண்ணன். ஒரு பிளாஸ்டிக் சேரைப் போட்டு, அதுல உட்கார்ந்துக்கிட்டே பந்து போடறாரு.”

“உட்கார்ந்துக்கிட்டா?”

“ஆமா, அப்படியே உன்னை மாதிரி. சுத்தி நிக்கற கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்குது.”

சிட்டுவுக்குச் சுருக்கென்றது.

தெருக்கோடியில்தான் கோர்ட். ஒரு காலத்தில் அங்கே அவள் இல்லாமல் டீமே இல்லை. இப்போது சாயங்காலம் பந்துச் சத்தம் கேட்டாலே ஜன்னலைச் சாத்திவிட்டு டிவி சத்தத்தைக் கூட்டிவிடுவாள்.

அண்ணனும் கெஞ்சிப் பார்த்துவிட்டான்.

“சும்மா ஒரு தடவை வந்து போட்டுப் பாரேன் சிட்டு.”

“முழங்காலை மடக்கி எழும்பினாத்தான் பந்துக்கு வேகம். உட்கார்ந்து போட்டா வளையத்துக்குப் பாதி தூரம்கூடப் போகாது. ஆடத் தெரியாத நீ எனக்குச் சொல்ல வந்துட்டியா?”

“டாக்டர் காட்டின வீடியோல வீல்சேர்லயே ஆடறாங்களே?”

“அவங்க வேற, நான் வேற. ஆளை விடு.”

அவன் ஆளை விட்டான். அதன்பிறகு ராத்திரி சாப்பாடானதும் அவளோடு கேம் ஆட உட்கார்ந்தான். தினமும் தோற்றான். பேக்கரியில் மாவு பிசைகிற தடித்த விரல், ஒரு பட்டனை அழுத்தினால் மூன்று சேர்ந்து அமுங்கும். தோற்றுக்கொண்டே தொணதொணப்பான்.

“மணிக்கட்டை எப்ப மடக்கணும் சிட்டு? பந்து உசரமாப் போகணும்னா முழங்கை எங்க இருக்கணும்?”

“எந்தப் பட்டன்னு கேளுண்ணா. மணிக்கட்டு உனக்கு எதுக்கு?”

எதுக்கு என்று இப்போதல்லவா தெரிகிறது! கூடப் பிறந்தவனே இப்படிப் பண்ணுவானா? கண்ணில் முட்டிக்கொண்டு வந்தது. கேமை அணைத்தாள்.

“சேரைத் தள்ளுங்க அண்ணி. கோர்ட்டுக்குப் போகலாம். நாலு வார்த்தை நறுக்குன்னு கேக்கறேன்.”

“ஐயோ வேணாம்மா, பொல்லாப்பு எனக்குத்தான் வரும்.”

வேணாம் வேணாம் என்றாளே தவிர, தோளில் பையை மாட்டிக்கொண்டு தயாராகத்தான் நின்றாள் அண்ணி.

எத்தனையோ மாதம் கழித்து அந்தத் தெருவைப் பார்க்கிறாள் சிட்டு. வெயில் சாய்ந்து, சுவரெல்லாம் மஞ்சளாக இருந்தது. தொப், தொப் என்று பந்துச் சத்தம் நெருங்கி வந்தது. கோபத்துக்கு நடுவிலும் பாழாய்ப்போன விரல்கள் அந்தத் தாளத்துக்கு அசைந்தன. தூங்குகிறோமா விழித்திருக்கிறோமா என்றுகூட ஒரு கணம் சந்தேகம் வந்துவிட்டது அவளுக்கு.

கோர்ட் வந்தது. வளையத்துக்கு எதிரே வெள்ளைக் கோட்டில் பிளாஸ்டிக் சேர். அதில் அண்ணன், காதோரம் மாவோடு, மடியில் பந்தோடு. அவன் கால்கள் இரண்டும் சேரோடு சேர்த்துத் துண்டால் கட்டப்பட்டிருந்தன.

“என்னைப் பார்த்தா உனக்கு அவ்வளவு இளக்காரமா அண்ணா?”

குரல் உடைந்துவிட்டது. சுற்றி நின்ற யாரும் சிரிக்கவில்லை. அவள் பழைய டீம்தான் அது. அவன் தவறவிடுகிற பந்தை ஓடி ஓடிப் பொறுக்கிக் கொடுத்துக்கொண்டிருந்தது.

அண்ணன் வளையத்தைப் பார்த்தான். பந்தைத் தலைக்கு மேல் தூக்கினான். மணிக்கட்டை மடக்கினான்.

பந்து உயர உயரப் போய், காற்றில் நின்றது போலிருந்தது. சிட்டு மூச்சு விடவில்லை. வளையத்தை ஒரு சுற்றுச் சுற்றி உள்ளே விழுந்தது.

“எட்டுது சிட்டு! காலை அசைக்காமப் போட்டாலும் எட்டுது! உன்னை வான்னு கூட்டிட்டு வந்து, எட்டாமப் போயிட்டா நீ தாங்குவியா? அதான் முதல்ல நான் போட்டுப் பார்த்தேன். நேத்துதான் முதல் பந்து விழுந்துச்சு.”

சிட்டு அவனையே பார்த்தாள். பிறகு மூக்கை உறிஞ்சிக்கொண்டு சொன்னாள்.

“முழங்கையை உள்ள வைண்ணா. பார்க்கச் சகிக்கலை. பந்தை இங்க கொடு.”

கொடுத்தான். பந்து கைக்கு வந்ததும்தான் அவளுக்கு உறைத்தது.

“அண்ணி! உங்களுக்கு இது முன்னாடியே தெரியுமா?”

அண்ணி பையைத் திறந்தாள். உள்ளேயிருந்து சிட்டுவின் பழைய டீம் பனியன் வந்தது. துவைத்து, இஸ்திரி போட்டு, மடித்து வைத்திருந்தாள்.

“பின்னே, நல்லவிதமா கூப்பிட்டிருந்தா நீ வந்திருப்பியாக்கும்?”