பட்டியலில் இருந்த பெயர்

முதல் படத்தில், உயரம் அதிகம் என்று இளம் நடிகை சித்தாபிலேயைத் தள்ளினாள் நோமாகுகு. இரண்டாவது படத்தில், குரல் எடுபடாது என்றாள். மூன்றாவதில், பட்டியலில் ஏறிவிட்ட பெயரையே பேனாவால் அடித்தாள். மூன்று வேடங்களையும் தானே போட்டுக்கொண்டாள்.

நடிகர்களைத் தேர்ந்தெடுப்பவளும் அவளே, நடிப்பவளும் அவளே. யார் கேட்பது?

இன்று கேட்டே தீருவது என்று புலவாயோ நகர நடிகர் சங்கக் கூட்டத்தில் எழுந்து நின்றாள் சித்தாபிலே. சங்க விதிப்படி, புகாரை எழுதியவரே இரண்டு சாட்சிகள் முன் வாசிக்க வேண்டும். குற்றவாளியின் பெயர் கடைசி வரியில் வரும்.

"தைரியமாப் படிம்மா. சின்னப் படம்னா நியாயமும் சின்னதா?" என்றார் சங்கத் தலைவர் ஸ்வேலிபான்சி என்டிவேனி. அந்த மூன்று படங்களுக்கும் அவர்தான் தயாரிப்பாளர்.

"இருபது வயசு மணப்பொண்ணு வேஷம்! முப்பத்தெட்டு வயசுல இந்த அக்கா போட்டுக்கிட்டாங்க. மாப்பிள்ளைக்கு அம்மாவா நடிச்சவளே இவங்களை விடச் சின்னவ!" என்று தாளைப் பிரித்தபடி நோமாகுகுவைக் காட்டினாள் சித்தாபிலே.

கூடமே சிரித்தது.

"உன் நடிப்புல ஒரு குறையும் இல்ல, சித்தாபிலே," என்றாள் நோமாகுகு. "உயரம், குரல் எல்லாம் நான் சொன்ன பொய்."

"பின்ன ஏன்க்கா என் பேரை அடிச்சீங்க?"

"ஒவ்வொரு தடவையும் உன் பேரை எழுதிக் குடுப்பேன். 'ஒத்திகைக்கு அந்தப் பொண்ணைத் தனியா என் வீட்டுக்கு அனுப்பு. இல்லேன்னா படமே கிடையாது'ன்னு தலைவர் சொல்வாரு. முப்பது பேரோட பிழைப்பு. அதான் அடிச்சுட்டு என் பேரை எழுதினேன்."

"அப்புறம்?"

"பட்டியல்ல யார் பேரு இருந்துதோ, அவ போனா."

சிரித்தவர்கள் தலைகுனிந்தார்கள்.

"கூட்டம் முடிஞ்சுது! எல்லாரும் கிளம்புங்க!" தலைவர் மேசையைத் தட்டினார். ஒருவரும் எழவில்லை.

"இத்தனை நாள் ஏன்க்கா வாயைத் திறக்கல?"

"மூணு வேஷம் வாங்கினவ பேசறான்னு சொல்லுவாங்க. யாரு நம்புவா?"

நோமாகுகுவின் பெயரைத் தன் கைப்பட எழுதி வந்த கடைசி வரியைப் பார்க்கவே சித்தாபிலேக்குக் கூசியது. தாளை மடித்தாள். சாட்சிகள் பக்கம் திரும்பி, கூடம் முழுக்கக் கேட்கும்படி சொன்னாள்:

"குற்றவாளியின் பெயர், ஸ்வேலிபான்சி என்டிவேனி."