கடைசி ஒன்பது விநாடி

"அங்கேயே நிறுத்துங்க! குழந்தையைப் படகுல ஏத்திவிடறாரே, அவர்தான் சார் எங்கப்பா."

எடிட்டர் நிறுத்தினார். இடுப்பளவு தண்ணீரில் நின்றவர் திரையில் அப்படியே நின்றார்.

பக்கத்து நாற்காலியில் இருந்த பெரியவர் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டார். நாற்பது வருடத்துக்கு முன் அந்தச் செய்திப்படத்தை எடுத்த ஒளிப்பதிவாளர் அவர்தான்.

படத்தின் இயக்குநரான அவளுக்கு அப்போது நான்கு வயது. ஊரையே புரட்டிப் போட்ட வெள்ளத்தில் அப்பா போனார், உடல்கூடக் கிடைக்கவில்லை. அவரைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிறேன் என்று கிளம்பி, திரைப்படக் காப்பகத்துக்கு இரண்டு வருடம் நடையாய் நடந்ததில் தேறியது இந்த ஒன்பது விநாடிதான். அதற்கே அவளுக்குச் செருப்புத் தேய்ந்துவிட்டது.

"அவர்தான்னு நல்லாத் தெரியுமாம்மா?" என்றார் பெரியவர்.

"அம்மா பாத்தவுடனே சொல்லிட்டாங்க. நெத்தியில தழும்பு இருக்கு பாருங்க. 'போறப்பகூட ஒரு உசிரைக் காப்பாத்திட்டுத்தான் போயிருக்காரு'ன்னு ஒரு வாரமா சொந்தக்காரங்க ஒருத்தர் விடாம போன் பண்ணிச் சொல்லிட்டிருக்காங்க."

பெரியவர் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"படம் இந்த ஷாட்லதான் சார் முடியுது. 'வெள்ளம் கொண்டுபோவதற்குச் சில மணி நேரம் முன்பு'ன்னு கீழ எழுத்து வரும். தேதி சரிதான்னு நீங்க ஒரு கையெழுத்துப் போட்டாத்தான் காப்பகத்துல அனுமதி குடுப்பாங்க."

காகிதத்தை நகர்த்தி வைத்தாள். அவர் பேனாவைத் தொடவில்லை.

"அந்த எழுத்து வேண்டாம்மா."

"ஏன் சார்? பிலிம் டப்பா மேல வெள்ளத் தேதிதானே போட்டிருக்கு?"

"போட்டது நான்தான். ஆனா இது வெள்ளமே இல்ல. ஏதோ ஒரு ஏரி. படகு, ஆளுங்க எல்லாம் நாங்க ஏற்பாடு பண்ணினது."

"அட!" என்றார் எடிட்டர்.

அவளுக்குச் சுருக்கென்றது. அப்பா யாரையும் காப்பாற்றவில்லை, நடித்திருக்கிறார். அம்மாவிடம் எந்த முகத்தை வைத்துக்கொண்டு சொல்வது? எரிச்சலும் அழுகையும் சேர்ந்து வந்தன. இரண்டையும் விழுங்கிக்கொண்டாள்.

"போகட்டும் சார். வேற எதுக்கோ எடுத்து வச்சிருந்ததை வெள்ளம்னு சேத்துட்டீங்க, அவ்வளவுதானே? அப்பா நடமாடற படம் எங்ககிட்ட இது ஒண்ணுதான் இருக்கு. எழுத்தை மாத்திக்கறேன். வெள்ளத்துக்கு எத்தனை நாள் முன்னாடி எடுத்தீங்க?"

பெரியவர் அவள் முகத்தைப் பார்ப்பதைத் தவிர்த்தார்.

"வெள்ளம் வந்த அன்னிக்கு என் கேமராவுக்குள்ள தண்ணி போயிடுச்சும்மா. ஒரு அடி பிலிம்கூடத் தேறல. படம் எங்கேன்னு மேலிடத்துல ஒரே குடைச்சல். மூணு வாரம் கழிச்சு, நூறு மைல் தள்ளி ஒரு ஊர்ல இதை எடுத்துக் குடுத்துச் சமாளிச்சோம். நடிக்க ஆள் வேணும்னு கேட்டதும், முதல்ல வந்து நின்னவர் உங்கப்பாதான்."