நேரில் ஆஜர்

"தெனமும் வர்றான் சார். பொழுது சாயற நேரத்துக்குக் கரெக்டா வந்து வாசக் கேட்டுக்குப் பக்கத்துல நிக்கிறான். உயிரைக் கையில பிடிச்சுக்கிட்டு உள்ள உக்காந்திருக்கேன்."

ரிட்டயர்டு சர்வேயர் இப்படிச் சொன்னதும் வக்கீலுக்கு முகமெல்லாம் பல்லாகிவிட்டது. கோர்ட் வராந்தாவில் நின்றபடியே கறுப்புக் கோட்டை மாட்டிக்கொண்டார்.

"இதையே உள்ளயும் சொல்லுங்க, போதும். அப்பா இருக்கிற தெருப் பக்கமே தலைகாட்டக் கூடாதுன்னு சொல்லித்தான் உங்க பையனுக்கு ஜாமீனே கொடுத்தாங்க. மீறிட்டான்ல? ஜாமீன் ரத்து. நேரா ஜெயில்தான்."

"அவன் இன்னிக்கு நேர்ல வந்துதானே ஆகணும்?"

"வராம? ஜட்ஜே வரச் சொல்லியிருக்காரு. இதையே எத்தனை தடவைதான் கேப்பீங்க!"

வக்கீல் டீ குடிக்கப் போய்விட்டார். சர்வேயர் பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்து காலரைச் சரிசெய்துகொண்டார். மழமழவென்று சவரம் செய்த முகம், இஸ்திரி மடிப்புக் கலையாத சட்டை. பெற்ற பிள்ளையை ஜெயிலுக்கு அனுப்ப வந்தவர் என்று யாரும் சொல்லமாட்டார்கள், கல்யாண வீட்டுக்குக் கிளம்பியவர் மாதிரி இருந்தார்.

உண்மை என்னவென்றால், அவருக்குத் தெரிந்து மகன் வரவே இல்லை. ஒரு நாள்கூட அவர் கண்ணில் படவில்லை. வக்கீலிடம் சொன்னதெல்லாம் வடிகட்டிய புளுகு.

ஊரார் மனையையெல்லாம் அளந்து, அரை அடி கூட்டாமல் குறைக்காமல் எழுதிக் கொடுத்த மனுஷன் அவர். கடைசியில் தகராறு அவர் வாசலுக்கே வந்தது. வீட்டை ஒட்டியிருந்த காலி மனையை, அப்பாவின் கையெழுத்தைத் தானே போட்டு மகன் விற்றுவிட்டான். என்னடா இது என்று கேட்கப் போனவரைப் பிடித்துத் தள்ளியதில் மணிக்கட்டு முறிந்தது. கட்டுப் போட்ட கையோடு நேரே போலீஸ் ஸ்டேஷனுக்குப் போய்ப் புகார் கொடுத்தார்.

இப்போது கை கூடிவிட்டது. கோபமும் போய்விட்டது. கேஸ்தான் போகவில்லை.

மனைவி போனபிறகு அவருக்கு இருந்த ஒரே பேச்சுத்துணை அவன்தான். இப்போதெல்லாம் ஒரு தட்டு, ஒரு டம்ளர், அதோடு பாத்திர வேலை தீர்ந்தது. டிவியில் செய்தி வாசிக்கிற பெண் வணக்கம் சொன்னால் இவரும் பதிலுக்கு வணக்கம் சொல்கிறார், வேறு யாரிடம் வாயைத் திறப்பது? போன் பண்ணலாமென்றால், பிடித்து உள்ளே போடுங்கள் என்று சொன்ன வாயால் எப்படி 'வாடா' என்று கூப்பிடுவது? கூப்பிட்டு அவன் வந்தாலும் சட்டம் விடாது.

ஜாமீனை ரத்து செய்யச் சொல்லி மனு போட்டால் அவனைக் கோர்ட்டுக்கு வரவழைத்து விசாரிப்பார்கள் என்று பக்கத்து வீட்டுக்காரர் பேச்சுவாக்கில் சொன்னார். சர்வேயர் அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்.

பொய்க்கு ஒரு நேரம் வேண்டியிருந்தது. அதற்கும் அவர் மண்டையைப் போட்டு உடைத்துக்கொள்ளவில்லை. வீட்டு நாய் பொழுது சாய்ந்தால் வாலை ஆட்டிக்கொண்டு கேட்டுக்கு ஓடும். வயசாகி அதற்கும் புத்தி பிசகிவிட்டது, பாவம். அந்த நேரத்தையே மனுவில் எழுதச் சொல்லிவிட்டார்.

மகனைக் கண்குளிரப் பார்ப்பது, பார்த்து முடித்ததும் 'கண்ணு சரியாத் தெரியலைங்க, வேற யாரோ போல' என்று பல்டி அடிப்பது. மனு தள்ளுபடியாகும், பையனுக்கும் ஒரு பாதகமும் வராது. இதுதான் அவருடைய திட்டம்.

பெயரைச் சொல்லி அழைத்தார்கள். மகன் கூண்டில் ஏறி நின்றான். துரும்பாக இளைத்திருந்தான், சட்டையில் ஒரு பட்டனைக் காணோம். சர்வேயர் அவனையே பார்த்துக்கொண்டிருந்ததில், தன் வக்கீல் பேசி முடித்து உட்கார்ந்ததுகூடத் தெரியவில்லை.

மகனின் வக்கீல் எழுந்து முழங்கினார். "அபாண்டமான பொய் ஐயா! என் கட்சிக்காரர் அந்தத் தெருவை எட்டிக்கூடப் பாக்கலை."

சர்வேயர் பதறிக்கொண்டு எழுந்தார். "ஐயா, நான் ஒண்ணு சொல்லணும்..."

"உங்களை அப்புறம் கேக்கறேன், உக்காருங்க பெரியவரே," என்றார் நீதிபதி. மகன் பக்கம் திரும்பினார். "நீயே சொல்லுப்பா. உங்கப்பா சொல்றது பொய்யா?"

'பொய்னு சொல்லு, சொல்லித் தொலைடா' என்று அவன் வக்கீல் கண்ணாலேயே கெஞ்சினார்.

"எங்கப்பா பொய் சொல்ல மாட்டாருங்க. போனேன்."

மகனின் வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். சர்வேயர் முன்னாலிருந்த பெஞ்சைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்.

"தெரிஞ்சுதான் பேசறியா?" என்றார் நீதிபதி. "ஜாமீன் போயிடும். தெனமும் அங்க போய் என்ன செஞ்சே?"

மகன் அப்பா பக்கம் திரும்பாமல், குனிந்தபடியே சொன்னான்.

"உள்ள லைட்டு எரியுதான்னு பாத்துட்டுப் போயிடுவேங்க."