கொலைப் பகுதி அதிகாரி

மாப்பிள்ளை வீட்டார் வாசலில் சப்பாத்துக் கழற்றிக்கொண்டிருந்த இடைவெளியில் மாக்கிரட் தன் அண்ணனைக் குசினிக்குள் இழுத்தாள்.

“அண்ணை, நீங்கள் சுவீடன் பொலிசிலை கொலைப் பகுதியிலை பெரிய ஆள். அவையிட்டை அப்பிடித்தான் சொல்லி வைச்சிருக்கிறன். படத்துக்குக் கதை எழுதுறன் எண்டு வாயைத் திறந்தியளோ, என்ரை பிள்ளையின்ரை வாழ்க்கை போச்சு.”

எமிலியானுஸ் தலையாட்டினார்.

இருபது வருடமாக அவர் ஸ்டொக்ஹோமில் குற்றப் படங்களுக்குத் திரைக்கதை எழுதுகிறார். பனியில் ஒரு பிணம் கிடக்கும். விவாகரத்தான ஒரு இன்ஸ்பெக்டர் வருவார். பிறகு மூன்று பேர் ஒன்றும் பேசாமல் கோப்பி குடிப்பார்கள். அதற்கு ஒருமுறை விருதுகூடக் கொடுத்தார்கள்.

சொந்தக்காரரைப் பொறுத்தவரை அவருக்கு இன்னும் வேலை கிடைக்கவில்லை.

கடைசியில், கனடாவுக்குத் தங்கையைப் பார்க்க வந்த இடத்தில், மொன்ட்ரியால்-நோரில் ஒரு மூன்றாம் மாடிக் குசினியில், ரோல்ஸ் தட்டோடு நின்ற நிலையில் அவருக்கு உத்தியோகம் கிடைத்தது.

அதே நகரத்தின் வில்லரேப் பகுதியிலிருந்து வந்த மாப்பிள்ளை டினோஜன் சோபாவின் நுனியில் இருந்தான். வங்கியில் வேலை, புதுக் கார், எந்நேரமும் ஒரு சிரிப்பு.

மாக்கிரட்டின் மகள் ஜெனாட் தேத்தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். ஒருவரையும் நிமிர்ந்து பார்க்கவில்லை. நல்ல அடக்கமான பிள்ளை என்று மாப்பிள்ளையின் தாய் மெச்சினாள்.



எல்லாரும் பேசாமல் குடித்தார்கள். எமிலியானுஸுக்குத் தன் படத்துக்குள்ளேயே வந்து இருப்பதுபோல் இருந்தது. பிணம் ஒன்றுதான் குறை.

அப்போதுதான் அந்த வசனம் நினைவுக்கு வந்தது. போன வருடப் படத்தில் விசாரணைக் காட்சிக்காக அவர் பார்த்துப் பார்த்து எழுதியது. இதற்கெல்லாம் எந்தக் குற்றவாளி வாய் திறப்பான் என்று சிரித்துத் தயாரிப்பாளர் வெட்டி எறிந்தது.

பெரிய அதிகாரி ஒருவர் ஊமையாக இருப்பதும் அழகில்லையே.

கோப்பையை மெதுவாக வைத்தார். டினோஜனையே பார்த்தார்.

“நான் ஒண்டும் கேக்கேல்லைத் தம்பி. நீங்களாச் சொன்னா எல்லாருக்கும் சுகம்.”

சிரிப்பு நின்றது. வெளியே பனி கொட்டிக்கொண்டிருக்க, டினோஜனுக்கு நெற்றியில் வேர்த்தது.

“அவ பேர் இசபெல், அங்கிள். ரெண்டு வருசமா ஒரு வீட்டிலைதான் இருக்கிறம். அம்மாவுக்குத்தான் தெரியாது.”

அம்மாவுக்கு இப்போது தெரிந்தது.

அவர்கள் படியிறங்கும் சத்தம் மூன்று மாடிக்கும் கேட்டது. மாக்கிரட் மாதா படத்துக்கு முன்னால் இருந்து அழுதாள். அண்ணனை டொக்டர் என்று சொல்லியிருக்கலாமே என்பதுதான் அவளுடைய பெரிய கவலை.

எமிலியானுஸ் குற்றவாளிபோல் குசினிக்குள் நுழைந்தார்.

ஜெனாட் மிஞ்சிய ரோல்சைத் தின்றுகொண்டு நின்றாள். அன்றைக்கு முதல் தடவையாக நிமிர்ந்து பார்த்தாள்.

“மாமா, வாற ஞாயிறு டொரோண்டோவிலையிருந்து ஆக்கள் வருகினம்,” என்றாள், தாய்க்குக் கேட்காமல். “அதுவரைக்கும் நிப்பீங்களோ?”

இருபது வருடத்தில் அவரிடம் யாரும் இரண்டாம் பாகம் கேட்டதில்லை.