ரேகை விழல

"ரேகை விழல. அடுத்தவங்க வாங்க."

கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்த செலின் மேடம் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

உமாதேவி கட்டைவிரலைச் சேலையில் துடைத்துவிட்டு மறுபடி நீட்டினாள். இடுப்பிலிருந்த பிள்ளை, மெஷினில் மினுங்கிய சிவப்பு வெளிச்சத்தைப் பிடிக்கப் பாய்ந்தது.

"இன்னொருக்கா வச்சுப் பாருங்க மேடம்."

"எத்தன தரம் வச்சாலும் அதேதான். போயிட்டு இன்னொரு நாள் வா."

பின்னால் நின்ற கொழுந்தன் விஜய்பாண்டிக்குச் சுள்ளென்று ஏறியது.

"என்ன மேடம், போன தடவையும் இதத்தான் சொன்னீக! எங்க அண்ணன் செத்ததுலருந்து அலையுறோம். மதினிக்கு ஒரு வெவரமும் பத்தாது. ஆதார்ல என் போன் நம்பரச் சேத்துவிட்டீகன்னா போதும், மிச்சத்த நான் பாத்துக்கிருவேன்."

"ரேகை விழணும்ல சார்? நான் என்ன கையில வச்சுக்கிட்டா இல்லைங்கிறேன்?"

உமாதேவிக்கு அழுகை முட்டியது.

அவள் புருஷன் ஏலக்காய்த் தோட்டத்துக்கு ஆள் ஏற்றிப்போன ஜீப்புக்கு டிரைவர். லோயர் கேம்ப் தாண்டி மலை ஏறும்போது வண்டி கவிழ்ந்து, ஆளும் போய்விட்டான், அவன் போனும் போய்விட்டது. ஆதாரில் இருந்தது அவன் நம்பர். இப்போது டிரைவர் நலவாரியத்து உதவிக்குப் போனாலும், விதவை பென்ஷனுக்குப் போனாலும், "ஓடிபி வருமே, அதச் சொல்லும்மா" என்கிறார்கள். எங்கிருந்து சொல்ல?

முன்னெல்லாம் ஒவ்வொரு வேலைக்கும் ஒரு ஆபீஸ் இருந்தது. ஒருத்தர் விரட்டினால் இன்னொருத்தரிடம் போய் அழலாம். இப்போது சுத்துப்பட்டு ஊருக்கெல்லாம், பட்டாவோ பென்ஷனோ ரேஷன் கார்டோ, எல்லாத்துக்கும் இந்த ஒரே இ-சேவை மையம், இந்த ஒரே கண்ணாடி. இங்கன விரட்டினால் போக்கிடம் கிடையாது.

"தேங்காயெண்ணெய் தடவிப் பாரு தாயி" என்றாள் வரிசையில் நின்ற பஞ்சம்மாள். "ஏலக்கா எடுக்குற கைக்கு ரேகை எங்கிட்டு இருக்கும்? எனக்கும் ரேஷன் கடையில இதே கூத்துதான்." பிறகு குரலைத் தாழ்த்தி, "இந்த மகராசி ஆளப் பாத்துத்தான் மெஷினத் தட்டுவா போல" என்றாள்.

வெளியே வந்ததும் விஜய்பாண்டி அண்ணனுடைய பைக்கை உதைத்துக் கிளப்பினான்.

"இனிமே என்னால வேலையக் கெடுத்துட்டு வர முடியாது மதினி. நீங்களே வந்து பாருங்க. ரேகை விழுந்துச்சுன்னா என் நம்பரச் சொல்லிருங்க. மாத்திக் கீத்திச் சொல்லிராதீக."

வீடு வரும்வரை அந்த நம்பரை அவளை ஒப்பிக்க வைத்தான்.

அடுத்த தடவை அவள் தனியாகத்தான் போனாள். செலின் மேடம் அவளைப் பார்த்ததும் வாசலை எட்டிப் பார்த்தாள்.

"கூட யாரும் வரலையா?"

அவ்வளவுதான். அதுவரை அதிர்ந்து பேசாத உமாதேவிக்கு எங்கிருந்து வந்ததோ அந்தக் குரல்.

"ஏன் மேடம், ஆம்பள கூட வந்தாத்தான் மெஷினு கண்ணு முழிக்குமோ? இந்தக் கையி எடுத்த ஏலக்காயத்தான ஊரு பூரா டீயில தட்டிப் போட்டுக் குடிக்குது? மெஷினுக்கு மட்டும் இந்தக் கையி ஆகாதா? இன்னைக்கு ரேகை விழாம நகர மாட்டேன். போலீச வேணும்னாலும் கூப்பிடுங்க. பிள்ளைய இங்கனயே தூங்கப் போட்டுட்டு நானும் படுத்துக்கிருவேன்!"

சொன்னதோடு நிற்காமல் பிள்ளையைக் கண்ணாடி முன்னால் மேஜை மேலேயே உட்கார வைத்துவிட்டாள்.

"அப்படிக் கேளு ஆத்தா!" வரிசை குதூகலித்தது. "எங்களயும் சேத்துக் கேளு!"

செலின் மேடத்துக்குக் கோபம் வரவில்லை.

"பேசத் தெரியுதே! சரி, கைய வையி."

வைத்தாள். பச்சை விளக்கு எரிந்தது.

"நம்பரு?"

மனப்பாடம் பண்ணியதை உமாதேவி கடகடவென்று ஒப்பித்தாள். மேடத்தின் விரல்கள் அசையவே இல்லை.

"அது யாரு நம்பரு?"

"கொழுந்தனாரு நம்பரு."

"பென்ஷனும் உதவியும் அவருக்கா வருது? உங்கிட்ட போன் இல்லையா?"

"பட்டன் போனுதான் இருக்கு."

"ஓடிபிக்கு அது போதும். உனக்கு வர்றது யாரு கைக்கு வரணும்னு நீ சொல்லு. நான் அதத் தட்டுறேன்."

உமாதேவி பிள்ளையைப் பார்த்தாள். நம்பரை மாற்றிச் சொன்னது தெரிந்தால் இன்றைக்கு வீடு ரெண்டுபடும். கொழுந்தன் தட்டை விட்டெறிவான். பொறந்த வீட்டுக்கே போ என்பான்.

சொல்லட்டும்.

தன் நம்பரைச் சொன்னாள். ஒவ்வொரு எண்ணாக, வரிசையின் கடைசியில் நிற்கிறவருக்கும் கேட்கிற மாதிரி.

மேடம் தட்டி முடித்து ரசீதை நீட்டினாள். உமாதேவி பிள்ளையைத் தூக்கிக்கொண்டாள். ஆனால் ஆத்திரம் இன்னும் அடங்கவில்லை.

"அன்னைக்கெல்லாம் விழாத ரேகை இன்னைக்கு மட்டும் எப்படி மேடம் விழுந்துச்சு? சத்தம் போட்டாத்தான் விழுமோ?"

செலின் மேடம் கண்ணாடியின் ஓட்டைப் பக்கம் குனிந்து, அவளுக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொன்னாள்.

"மொத நாளே விழுந்துருச்சு ஆத்தா. உனக்குப் பின்னாடி நின்ன ஆளு நகரட்டும்னுதான் காத்துக்கிட்டிருந்தேன்."