தூக்கம் என்று சொன்னவன்

"பட்டப்பகல் பதினோரு மணிக்குத் தூங்கிக்கினே வண்டி ஓட்னாராம்! எவன் மேடம் சொன்னான்? அவன என் முன்னாடி வந்து நிக்கச் சொல்லுங்க!"

ஷாரோன் போட்ட சத்தத்தில் எதிர் வீட்டுக் கதவு திறந்தது. வேலைக்குக் கிளம்பிய ஷாரோன், பஸ்ஸை விட்டுவிட்டு வாசலிலேயே நின்றிருந்தாள்.

பத்திரிகைக்காரி ஜெயப்பிரியா பெருநகர் கிராமத்துக்கு வந்து அரை மணி நேரம்தான் ஆகியிருந்தது. ஷாரோனின் கணவன் ஆல்வின், ஆப் கம்பெனி ஒன்றுக்குச் சரக்கு வேன் ஓட்டியவன். வேனுக்குள் இருந்த கேமராவில் அவன் தூங்கியது பதிவாகிவிட்டது என்று சொல்லி, அன்றைக்கே ஐ.டி.யை முடக்கிவிட்டார்கள்.

"தூங்கல மேடம்," என்றான் ஆல்வின். "மானாம்பதி ரோட்ல ஜல்லி லாரி முன்னால போய்க்கினு இருந்துச்சு. புழுதி கண்ணுல அடிச்சுது. மூடித் தொறந்தேன், அவ்ளோதான். போன் பண்ணா, 'கம்ப்யூட்டர் எடுத்த முடிவு, நாங்க ஒண்ணும் பண்ண முடியாது'ங்கறாங்க."

அந்தப் பதிலைக் கேட்டதும் ஜெயப்பிரியாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பதினோரு வருடமாக ஆப் தொழிலாளர்களைப் பற்றித்தான் எழுதுகிறாள். கால் உடைந்து படுத்தவனுக்கும் இதே பதில். பிள்ளை பெற்றுத் திரும்பியவளுக்கும் இதே பதில். கம்ப்யூட்டரை எந்தக் கோர்ட்டில் கொண்டுபோய் நிறுத்துவது?

"கம்ப்யூட்டர் இல்ல ஆல்வின். இந்தத் தடவை பிடிச்சுட்டேன்," என்றாள். "கேமரா படத்தை அனுப்பும், அவ்வளவுதான். அது தூக்கமா இல்லையான்னு சொல்றது ஒரு மனுஷன். எங்கேயோ உட்கார்ந்துக்கிட்டு பட்டனைத் தட்டியிருக்கான். கம்பெனி ஆள் ஒருத்தரே எனக்கு ஆதாரம் கொடுத்திருக்கார்."

"மனுசனா?" ஷாரோன் இரண்டு எட்டில் உள்ளே வந்துவிட்டாள். "அவன்லாம் சோறுதான் துன்றானா? இந்த வூட்ல ஒரு வாரமா அடுப்பு எப்டி எரியுதுன்னு அவனுக்குத் தெரியுமா? பேரு இன்னா மேடம்? பேப்பர்ல பெருசா போடுங்க. ஊரே காறித் துப்பட்டும்!"

"பேர் இல்ல. நம்பர்தான் இருக்கு."

ஜெயப்பிரியா கைப்பேசியை நீட்டினாள். படத்தில் முகம் இல்லை. பாதி மூடிய இரண்டு கண்கள் மட்டும், பட்டையாக வெட்டி எடுத்ததுபோல. கீழே ஒரு வரி: 'தூக்கம். உறுதி செய்த ஊழியர்: 417.'

ஷாரோன் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"இன்னா ஷாரோன், இன்னாச்சு?" என்றான் ஆல்வின்.

"கண்ணு மட்டுந்தான் மேடம் காட்டுவாங்க," என்றாள் ஷாரோன். "உத்திரமேரூர் ஆபீசுல நாள் முச்சூடும் எனக்கு இதான் வேல. ஒரு படத்துக்கு மூணு செகண்டு. அதுக்குள்ள அமுக்கலன்னா எங்க ஐ.டி.யும் பூடும். யாரு கண்ணுன்னு எங்க பாக்கறது..." அவள் ஆல்வினை நிமிர்ந்து பார்க்கவில்லை. "அந்த நானூத்திப் பதினேழு நான்தான்."