அதே கேள்வி

செந்துறைப் பக்கத்து ஏரியில் நூறு நாள் வேலை. மேற்பார்வைக்கு நின்ற மணிமொழிக்கு வெயிலில் புத்தி பேதலித்துவிட்டது என்றே ஆண்டாயி முடிவுகட்டினாள்.

"பெரியம்மா, உங்க மவ பேரு என்ன?"

"நந்தினி. இப்பத்தானடி கேட்ட!"

கால் மணி கழித்து மறுபடியும் அதையே கேட்டாள். ஆண்டாயி எரிந்து விழுந்தாள்.

"பாப்பாத்தி! போதுமா?"

மணிமொழி அவள் மண்வெட்டியைப் பிடுங்கி எறிந்தாள். புளியமர நிழலுக்கு இழுத்துப்போய், ஒரு குடம் தண்ணீரை அவள் தலையில் கவிழ்த்தாள்.

ஆண்டாயி தெளிந்தபோது ஆஸ்பத்திரியில் இருந்தாள். பக்கத்தில் மகள்.

"பாப்பாத்தி உங்க அம்மா பேரும்மா. வெயிலு தலைக்கேறினா பேச்சு தடுமாறுமாம். அதுக்குத்தான் மணிமொழி அக்கா எல்லாரையும் கேட்டுக்கிட்டே இருந்திருக்கு."

வாசலில் மணிமொழி வந்து நின்றாள்.

"இப்ப சொல்லுங்க பெரியம்மா, மவ பேரு என்ன?"

ஆண்டாயி அவள் கையைப் பற்றிக்கொண்டாள்.

"சின்னவ நந்தினி. மூத்தவ மணிமொழி."